30 லட்சம் வீட்டுக் கடன், 20 வருடம்: உண்மையில் மொத்தம் எவ்வளவு ஆகும்?

கேள்வி இதுதான்: "38 லட்சத்துக்கு ஒரு வீடு பார்த்திருக்கிறோம். 30 லட்சம் வங்கிக் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை 26,035 ரூபாய். சம்பளத்தில் கட்டிவிட முடியும். ஆனால் மொத்தத்தில் இந்த வீடு எங்களுக்கு எவ்வளவு விலைக்கு விழும்?"

முதலில் நேரான கணக்கைச் சொல்லிவிடுகிறேன். 26,035ஐ 240 மாதத்தால் பெருக்கினால் 62 லட்சத்து 48 ஆயிரம் வருகிறது. வாங்குவது 30 லட்சம், அதற்குக் கட்டும் வட்டி 32 லட்சத்து 48 ஆயிரம். 20 வருடமும் வட்டி அதே 8.5இல் நின்றால்தான் இந்தக் கணக்கு. அது நிற்காது. நான் எழுத வந்தது அதைப் பற்றித்தான், ஏனென்றால் அந்த விஷயம் புரியாமல் நாங்கள் ஒன்றரை வருடம் ஓட்டிவிட்டோம்.

நாங்கள் திருச்சியில் வீடு வாங்கியது 2021 கடைசியில். கொரோனா நேரத்தில் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை, அதாவது மற்ற வங்கிகளுக்குத் தான் கடன் தரும் வட்டியை, 4 சதவீதத்துக்கு இறக்கியிருந்தது. வீட்டுக் கடன் 6.75க்குக் கிடைத்தது. அதே 30 லட்சம், அதே 20 வருடம், தவணை 22,811 ரூபாய். மாதம் 5ஆம் தேதி கணக்கில் இருந்து பிடித்துக்கொள்வார்கள். செய்தி வரும், பார்ப்போம், அவ்வளவுதான். தொகை மாறவே இல்லை என்பதால் எதுவும் மாறவில்லை என்று நினைத்துக்கொண்டோம்.

2022 மே மாதம் ரிசர்வ் வங்கி வட்டியை ஏற்றத் தொடங்கியது. 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 ஆகிவிட்டது. மொத்தம் இரண்டரை சதவீதம் ஏற்றம். எங்கள் கடன் ரெப்போவோடு இணைந்த கடன், மூன்று மாதத்துக்கு ஒரு முறை வட்டி மாறும். அப்படி மாறி மாறி 9.25க்கு வந்து நின்றது. தவணை மட்டும் அதே 22,811.

வருமான வரிக் கணக்குக்காக 2023 ஏப்ரல் கடைசியில் என் மனைவி கடன் ஸ்டேட்மென்ட்டைத் தரவிறக்கினார். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "என்னங்க, இந்த மாசம் அசலில் நூத்தி எட்டு ரூபாய்தான் கழிஞ்சிருக்கு" என்றார். நான் அச்சுப்பிழை என்றே நினைத்தேன். வாங்கிப் பார்த்தேன். வட்டி 22,703, அசல் 108. அதற்கு முந்தின மாதம் 716. அதற்கும் முன்னால் 711. கடனின் முதல் மாதத்தில் 5,936 ரூபாய் அசலில் போயிருந்தது. 16 மாதத்தில் மூன்று லட்சத்து 65 ஆயிரம் கட்டியிருக்கிறோம், கடன் குறைந்தது 54,800 ரூபாய்தான். பக்கத்தில் மீதி மாதங்கள் என்று ஒரு கட்டம் இருந்தது. அதில் 698 என்று இருந்தது. 58 வருடம்! எனக்கு அப்போது 37 வயது.

மறுநாளே கிளைக்குப் போனோம். அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். "சார், வட்டி ஏறினா சிஸ்டம் தவணையை மாத்தாது, மாதத்தைத்தான் நீட்டும். பெரும்பாலானவங்க தவணை ஏறக் கூடாதுன்னுதான் கேக்குறாங்க" என்றார். எங்களை யாரும் கேட்கவில்லை என்று சொன்னேன். பழைய முடிவுத் தேதியிலேயே கடன் முடிய வேண்டும் என்றால் தவணை எவ்வளவு என்று போட்டுக் கொடுக்கச் சொன்னோம். 27,609. மாதம் கிட்டத்தட்ட 4,800 ரூபாய் கூடுதல். அன்றைக்கே எழுதிக் கொடுத்துவிட்டு வந்தோம். வீட்டுக்கு வந்து இரண்டு பேரும் நெடுநேரம் பேசவில்லை.

இப்போது விதி கொஞ்சம் மாறியிருக்கிறது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது அதனால் தவணைக்கும் காலத்துக்கும் என்ன ஆகிறது என்று கடன் வாங்கியவரிடம் சொல்ல வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பு தர வேண்டும். எவ்வளவு நீட்டினாலும் அந்த மாத வட்டிக்குக்கூடத் தவணை பத்தாமல் போகும் நிலை வரக் கூடாது. நல்ல விதிதான். ஆனால் செய்தி வரும்போது படித்துப் பதில் சொல்ல வேண்டியது நாம்தான்.

சரி, உங்கள் கணக்குக்கு வருகிறேன். 8.5 சதவீதத்தில் உங்கள் முதல் தவணையான 26,035 ரூபாயில் 21,250 வட்டி, 4,785 அசல். முதல் வருடம் மூன்று லட்சத்து 12 ஆயிரம் கட்டுவீர்கள், அதில் அசல் 60 ஆயிரம்கூட வராது. ஐந்து வருடம் முடியும்போது 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், கடன் 26 லட்சத்து 44 ஆயிரம் மீதி நிற்கும். பாதிக் காலம், அதாவது பத்து வருடம் போன பிறகும் 21 லட்சம் பாக்கி இருக்கும். கடன் சரிபாதியாகக் குறைய 13 வருடம் 10 மாதம் ஆகும். வங்கி இதில் ஏமாற்றவில்லை. மீதி இருக்கும் அசலுக்குத்தான் வட்டி, தொடக்கத்தில் அசல் பெரிது என்பதால் வட்டியும் பெரிது. ஆனால் இது தெரியாமல் ஆறாவது வருடத்தில் வீட்டை விற்கப் போகிறவர்கள், "இத்தனை கட்டியும் இவ்வளவு பாக்கியா?" என்று திகைத்து நிற்பதைப் பார்த்திருக்கிறேன்.

காலத்தை நீட்டும் விஷயத்தில் மிகவும் கவனமாக இருங்கள். "30 வருடம் போட்டுக்குங்க, தவணை குறையும்" என்று சொல்வார்கள். குறையும். 26,035 என்பது 23,067 ஆகும். மாதம் 3,000 ரூபாய் குறைவு. அதற்கு நீங்கள் தரும் விலை, மொத்த வட்டி 32 லட்சத்தில் இருந்து 53 லட்சமாவது. மாதம் 3,000 மிச்சம் பிடிக்க 20 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கட்டுகிறோம். மறுபக்கம், 15 வருடத்துக்குப் போட்டால் தவணை 29,542, வட்டி 23 லட்சத்து 18 ஆயிரம். இந்த மூன்று எண்களையும் ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டு உங்கள் மனைவியோடு உட்கார்ந்து பேசுங்கள். வீட்டுக் கடனில் இதைவிடப் பெரிய முடிவு வேறு இல்லை. அரை சதவீதம் வட்டி குறைவாகத் தரும் வங்கியைத் தேடி அலைகிறவர்கள்கூடக் காலத்தைப் பற்றி யோசிப்பதில்லை.

அடுத்து, கடனில் சேராத செலவு. தமிழ்நாட்டில் இப்போது முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். (நாங்கள் வாங்கியபோது பதிவுக் கட்டணம் 4 என்பதால் 11 ஆனது. 2023 ஏப்ரலில் குறைத்தார்கள், கூடவே வழிகாட்டி மதிப்பை ஏற்றினார்கள்.) 38 லட்சத்துக்கு 9 சதவீதம் என்றால் 3 லட்சத்து 42 ஆயிரம். இதற்கு வங்கி கடன் தராது, கையில் இருந்துதான் போக வேண்டும். கைப்பங்கு 8 லட்சத்தோடு சேர்த்தால் பதினொன்றரை லட்சம். அப்புறம் வங்கிக்காக எம்.ஓ.டி., அதாவது கடனுக்கு ஈடாக வீட்டுப் பத்திரத்தை வங்கியிடம் ஒப்படைத்ததற்கான ஆவணம், பதிய வேண்டும். கடன் தொகையில் அரை சதவீதம் முத்திரை, உச்ச வரம்பு 30 ஆயிரம். பதிவுக்கு ஒரு சதவீதம், உச்ச வரம்பு 6 ஆயிரம். உங்களுக்கு 21 ஆயிரம் ஆகும். வக்கீல் பார்வை, மதிப்பீட்டாளர், வங்கியின் செயலாக்கக் கட்டணம் என்று இன்னும் கொஞ்சம். நாங்கள் பதிவுச் செலவுக்கு மனைவியின் நகையை அடகு வைத்தோம். அந்த நகைக் கடன் வட்டியும் வீட்டின் விலைதான். அதை நாங்கள் கணக்கில் எழுதவே இல்லை. மீட்க இரண்டு வருடம் ஆனது.

கடன் தரும்போதே ஒரு காப்பீட்டு பாலிசியையும் சேர்த்துக் கொடுக்கப் பார்ப்பார்கள். 90 ஆயிரம் ஒற்றைப் பிரீமியம், "அதையும் கடனிலேயே சேர்த்துடுறோம், மாசம் 781 ரூபாதான்" என்பார்கள். 781ஐ 240ஆல் பெருக்கினால் ஒரு லட்சத்து 87 ஆயிரம். கடன் வாங்கும் ஆளுக்கு ஆயுள் காப்பீடு அவசியம், அதில் எனக்கு இரண்டாவது பேச்சே இல்லை. ஆனால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (காலத்துக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தருவது) எடுத்துக்கொண்டு, வருடா வருடம் பிரீமியம் கட்டுவதே எங்களுக்குச் சரியாகப் பட்டது. கடனைத் தரும் வங்கியின் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது.

வரிச் சலுகையை நம்பிக் கணக்குப் போடுகிறவர்கள் தாங்கள் எந்த வரி முறையில் இருக்கிறோம் என்று பார்க்க வேண்டும். பழைய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் வருடம் 2 லட்சம் வரை கழிவு உண்டு, அசலுக்கு, வரிக் கழிவு உள்ள மற்ற சேமிப்புகளோடு சேர்த்து ஒன்றரை லட்சம். புதிய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு இரண்டுமே இல்லை. இப்போது நாமாகச் சொல்லாவிட்டால் புதிய முறைதான் பொருந்தும்.

பணத்தின் மதிப்பு குறைந்துகொண்டே போகுமே என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. இன்றைய 26 ஆயிரமும் 2045இன் 26 ஆயிரமும் ஒன்றல்ல. சம்பளம் ஏற ஏறத் தவணை இலேசாகும், வாடகையோ ஏறும். அதனால் 62 லட்சம் என்ற எண்ணைப் பார்த்துப் பயந்து வீடே வேண்டாம் என்று முடிவெடுக்காதீர்கள். சொந்த வீட்டுக்கு நான் எதிரி இல்லை. ஆனால் தவணை இலேசாவதற்கு முன் வரும் முதல் ஐந்தாறு வருடம்தான் பாரம். அந்த நேரத்தில்தான் பிள்ளைகள் பள்ளிக்கூடம் சேர்வதும் பெற்றோருக்கு மருத்துவச் செலவு வருவதும்.

அதே முதல் வருடங்களில்தான் முன்கூட்டிக் கட்டும் பணத்துக்கு வலு அதிகம். உங்கள் கடனில் முதல் வருடக் கடைசியில் ஒரு லட்சம் கூடுதலாக அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் வைத்தால், கடைசியில் 18 தவணைகள் இல்லாமல் போகும். அதாவது 4 லட்சத்து 70 ஆயிரம். அதே ஒரு லட்சத்தை 15ஆவது வருடத்தில் கட்டினால் ஆறு தவணைகூடக் குறையாது. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் 20 வருடக் கடன் 16 வருடம் 8 மாதத்தில் முடியும், 6 லட்சத்துக்கு மேல் மிச்சம். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்று 2012இலேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. கட்டும்போது ஒன்றை மட்டும் எழுத்தில் கேளுங்கள்: "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்." சொல்லாவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுகிறார்கள்.

2025 பிப்ரவரியில் இருந்து ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைக்க ஆரம்பித்தது. ஜூனுக்குள் ரெப்போ 5.5க்கு வந்தது. எங்கள் வட்டியும் 8.25க்கு இறங்கியது. தவணையைக் குறைத்துக்கொள்கிறீர்களா என்று கேட்டார்கள், வேண்டாம் என்று சொல்லிவிட்டோம். அதே 27,609 போகிறது, தீபாவளி போனஸில் 40 ஆயிரம் அசலுக்குப் போகிறது. 2041 டிசம்பரில் முடிய வேண்டிய கடன், இப்போதைய கணக்கில் 2038இல் முடியும். மாதா மாதம் 6ஆம் தேதி ஸ்டேட்மென்ட்டைத் திறந்து அசல் கட்டத்தை மனைவி படிக்கிறார். 2025 டிசம்பரில் அது ஒன்பதாயிரத்தைத் தாண்டியிருந்தது.

வங்கியோடு பேசும்போது இன்னொன்றும் கேளுங்கள். வட்டி என்பது ரெப்போவும் அதன்மேல் வங்கி வைக்கும் கூடுதல் விகிதமும் சேர்ந்தது. அந்தக் கூடுதல் விகிதம் புதிதாக வருகிறவர்களுக்குக் குறைவாகவும் பழையவர்களுக்கு அதிகமாகவும் இருப்பது சாதாரணம். ஒரு கட்டணம் கட்டினால் குறைத்துத் தருவார்கள், தராவிட்டால் வேறு வங்கிக்கு மாற்றலாம். வீட்டு வசதி நிதி நிறுவனத்தில் வாங்குவதாக இருந்தால், அவர்கள் வட்டியை ரெப்போவோடு இணைக்க வேண்டிய கட்டாயம் இல்லை என்பதையும் தெரிந்துகொண்டு கையெழுத்துப் போடுங்கள்.

எல்லாம் கட்டி முடித்த பிறகும் ஒரு வேலை உண்டு. மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும், தாமதம் அவர்கள் பக்கம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பரில் இருந்து விதி. பத்திரம் வந்ததும் வேலை முடிந்தது என்று பீரோவில் வைத்துவிடாதீர்கள். கடன் தீர்ந்ததற்கான ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்து, சொத்தின் மேல் உள்ள பதிவுகளைக் காட்டும் வில்லங்கச் சான்றைப் புதிதாகப் போட்டு, எம்.ஓ.டி. பதிவுக்குக் கீழே அந்த ரசீதும் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். என் மாமனார் இதைச் செய்யாமல் விட்டுவிட்டார். பத்து வருடம் கழித்து வீட்டை விற்கப் போனபோது, அடைத்து முடித்த கடன் வில்லங்கத்தில் அப்படியே நின்றது. வாங்க வந்தவர் முன்பணத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு போய்விட்டார்.