ஒரு மத இயக்கத்தைப் பரப்புவதற்காகவே எடுத்த பாப் ஆல்பத்தில் உண்மையான பக்தி இருக்க முடியுமா?

இருக்க முடியும். எங்கள் வீட்டில் அப்படி ஓர் இசைத்தட்டு இருந்தது. அதனால் சொல்கிறேன்.

'தி ராதா கிருஷ்ணா டெம்பிள்' என்ற ஆல்பம் அது. 1971 மே மாதம் பீட்டில்ஸின் ஆப்பிள் நிறுவனம் வெளியிட்டது. தயாரித்தவர் ஜார்ஜ் ஹாரிசன். பாடியவர்கள், லண்டனில் ஹரே கிருஷ்ணா கோயில் தொடங்க அமெரிக்காவிலிருந்து வந்திருந்த இளம் அடியார்களும் அவர்களோடு சேர்ந்தவர்களும்.

நான் தென்னாப்பிரிக்காவில், டர்பனை ஒட்டிய சாட்ஸ்வொர்த்தில் வளர்ந்தவள். மாலைநேரத் தமிழ்ப் பள்ளியில் பல வருடம் பாடம் சொல்லிக்கொடுத்தேன். அந்த இயக்கத்தில் நான் சேர்ந்ததில்லை. ஆடியில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றி, தைப்பூசத்துக்குக் காவடி எடுக்கும் குடும்பம் எங்களுடையது. எழுபதுகளின் கடைசியில் அண்ணன் டர்பன் கிரே ஸ்ட்ரீட்டில் இதைப் பழைய தட்டாக வாங்கிவந்தார். லவுஞ்சில் இருந்த ரேடியோகிராமில் போட்டார். அன்றிலிருந்து வீடு இரண்டுபட்டது.

பரப்புவதற்காக எடுத்ததா என்றால், ஆமாம், அதை யாரும் மறைக்கவில்லை. பிரபுபாதர் 1966-இல் நியூயார்க்கில் இயக்கத்தைத் தொடங்கினார். ஊர் ஊராக நாமம் ஒலிக்க வேண்டும் என்பதே அவர்கள் குறிக்கோள். 1969-இல் லண்டன் அடியார்கள் ஹாரிசனோடு பாடிய 'ஹரே கிருஷ்ணா மந்திரம்' தனித்தட்டாக வந்து, பிரிட்டன் பட்டியலில் 12-ஆம் இடம்வரை போனது. காவியும் புடவையுமாக பிபிசியின் 'டாப் ஆஃப் தி பாப்ஸ்' நிகழ்ச்சியிலும் தோன்றினார்கள். எங்களுக்கு அதெல்லாம் எட்டவில்லை. தென்னாப்பிரிக்காவில் தொலைக்காட்சி தொடங்கியதே 1976-இல்தான். ஜான் லெனான் ஏசுவைப் பற்றிச் சொன்ன ஒரு வார்த்தைக்காக 1966 முதல் 1971 வரை எங்கள் அரசு வானொலி பீட்டில்ஸ் பாட்டுகளையே ஒலிபரப்பவில்லை.

விளம்பரத்துக்கு எடுத்த தட்டில் விளம்பரம் எங்கே இருக்கிறது என்று நீங்களே கேட்டுப் பாருங்கள். 'எங்களோடு சேருங்கள்' என்று ஒரு வரி கிடையாது. பாட்டுகளில் ஆங்கிலமே கிடையாது, எல்லாம் சமஸ்கிருதமும் வங்காளமும். உலகப் புகழ் பெற்ற ஹாரிசன் தன் குரலை முன்னால் வைக்கவில்லை. பாடியவர் என்ற இடத்தில் கோயிலின் பெயர்தான் இருக்கிறது. விற்கவேண்டும் என்று மட்டும் நினைத்திருந்தால் இதையெல்லாம் தலைகீழாகச் செய்திருப்பார்கள்.

மந்திரப் பாட்டு எனக்குக் கொஞ்சம் அவசரமாகவே படும். என்னைப் பிடித்து நிறுத்தியது முதல் பாட்டு, 'கோவிந்தா'. யமுனா தேவி பாடியது. மேலை நாட்டு வாத்தியக் கூட்டம் பின்னால் அலையாக எழ, அந்தக் குரல் எதையும் அலங்கரிக்காமல் நேராக வரும். சங்கீதம் கற்ற குரல் இல்லை. உச்சரிப்பில் அமெரிக்க வாடை உண்டு. ஆனால் 'கோவிந்தம் ஆதி புருஷம்' என்று ஒவ்வொரு முறையும் அவர் திரும்பி வரும்போது, யாரோ நம் பக்கத்தில் உட்கார்ந்து தனக்காக மட்டும் வேண்டிக்கொள்வது போல இருக்கும். பிரபுபாதர் இதைக் கேட்டுக் கண் கலங்கி, இயக்கத்தின் கோயில்களில் தினமும் காலைத் தரிசனத்தின்போது ஒலிக்கச் சொன்னார் என்பார்கள். இன்றும் ஒலிக்கிறது. 1985-இல் சாட்ஸ்வொர்த்தில் திறந்த அவர்களுடைய பெரிய கோயிலில் விடியற்காலை நானே கேட்டிருக்கிறேன்.

இரண்டாம் பக்கத்தில் 'பஜஹு ரே மன' என்று ஒரு வங்கப் பாட்டு. தாமரை இதழ்மேல் தண்ணீர்போலத் தள்ளாடும் இந்த வாழ்வு என்று ஒரு வரி அதில் வரும். பொருள் தெரிந்துகொண்ட பிறகு, சாவு வீட்டுக்குப் போய்வந்த நாட்களில் அதைத்தான் போடுவேன்.

அப்பாவுக்கு இது எதுவும் பிடிக்கவில்லை. "நம்ம முருகன் என்ன குறைச்சல்? வெள்ளைக்காரன் பாடினாத்தான் சாமியா?" என்று கேட்டார். அவருடைய உண்மையான பயம் வேறு, அண்ணன் காவடி எடுப்பதை விட்டுவிடுவாரோ என்பது. இரண்டு வருடம் அண்ணன் எடுக்கவும் இல்லை. அந்த இரண்டு தைப்பூசமும் அப்பா அவரோடு பேசவில்லை. அப்பா மேல் தவறு என்று என்னால் சொல்ல முடியாது. டர்பனின் கேட்டோ மேனரிலிருந்து நிறவெறி அரசு எங்களைப் பெயர்த்து இங்கே கொண்டுவந்து போட்டபோது, அவர் கையோடு கொண்டுவந்தது வேலும் விளக்கும்தான்.

ஆயா, அதாவது பாட்டி, வேறு மாதிரி. எங்கள் ஊரில் புரட்டாசி என்றால் மாதம் முழுக்க ஃபாஸ்டிங், அதாவது கறி மீன் கிடையாது. சனிக்கிழமை நாமம் இட்டு, வாழையிலை போட்டு, வடையும் புளிச்சோறும் படைத்து 'கோவிந்தா, கோவிந்தா' என்று எல்லாரும் குரல் கொடுப்போம். அப்படி ஒரு சனிக்கிழமை அண்ணன் இந்தத் தட்டைப் போட்டார். ஆயா அடுப்படியிலிருந்து கை துடைத்துக்கொண்டு வந்து, பாட்டில் கோவிந்தன் பெயர் வரும்போதெல்லாம் 'கோவிந்தா' என்று உரக்கச் சேர்ந்துகொண்டார். யார் பாடுகிறார், எந்த இயக்கம், எதுவும் கேட்கவில்லை. அவருக்குத் தெரிந்த பெயர் அதில் இருந்தது.

பின்னால் படித்தபோது ஒன்று தெரிந்து சிலிர்த்துப்போனேன். 'கோவிந்தா' பாட்டின் வரிகள் பிரம்ம சம்ஹிதை என்ற சமஸ்கிருத நூலின் 5-ஆம் அத்தியாயத்தில் உள்ளவை. 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வங்கத்து வைணவ மகான் சைதன்யர் தெற்கே யாத்திரை வந்தபோது, இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்துத் திருவட்டாறு ஆதிகேசவப் பெருமாள் கோயிலில் அந்தச் சுவடியைக் கண்டு பிரதி எடுத்துச் சென்றார் என்பது அவர்கள் மரபு. நம்மாழ்வார் திருவாய்மொழியில் ஒரு பதிகம் முழுக்கப் பாடிய வாட்டாறு அதுவேதான். அங்கிருந்து வங்கம், வங்கத்திலிருந்து நியூயார்க், பிறகு லண்டன், கடைசியில் சாட்ஸ்வொர்த்தில் எங்கள் ரேடியோகிராம். தமிழ்ப் பள்ளியில் பிள்ளைகளுக்கு அந்தப் பதிகத்தைச் சொல்லிக்கொடுத்துவிட்டுத்தான் இந்தப் பாட்டைப் போட்டுக் காட்டுவேன். 'கோவிந்தம்' பாடத் தெரிந்த எங்கள் ஊர்ப் பிள்ளைகள் பலருக்கு வாட்டாற்றுப் பாசுரத்தில் ஒரு வரி தெரியாது. அந்த வருத்தம் எனக்கு உண்டு. அதற்கு அந்த ஆல்பத்தை எப்படிக் குறை சொல்வது? அவர்கள் தங்களிடம் இருந்ததைப் பாடி உலகம் முழுக்க அனுப்பினார்கள். நாங்கள் எங்களுடையதை வீட்டுக்குள்ளேயே மௌனமாக விட்டுவிட்டோம்.

அண்ணன் மூன்றாம் வருடம் காவடி எடுத்தார், அதிகாலையில் ஹரே கிருஷ்ணா வழிபாட்டுக்குப் போவதையும் விடவில்லை. அப்பா கடைசிவரை அந்தத் தட்டு ஓடினால் எழுந்து தோட்டத்துக்குப் போய்விடுவார்.

தட்டு இப்போது என்னிடம் இருக்கிறது. இரண்டாம் பக்கம் சுத்தமாக ஓடும். முதல் பக்கத்தில், 'கோவிந்தா' தொடங்கும் இடத்தில் மட்டும் கீறல். ஆயா ஊசியைத் தூக்கித் தூக்கி முதலிலிருந்து வைப்பார்.