முராக்கி யோஷிரோ: ஆர்ட் டைரக்டரா, புரொடக்‌ஷன் டிசைனரா?

முராக்கி, ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவாவின் படங்களுக்கு செட் வடிவமைத்தவர். தலைப்பில் உள்ள இரண்டு பெயரும் குறிப்பது ஒரே வேலைதான். ஒரு இணையதளத்தில் அவர் ஆர்ட் டைரக்டர், இன்னொன்றில் புரொடக்‌ஷன் டிசைனர் என்று இருப்பது மொழிபெயர்ப்புக் கோளாறாகத்தான் இருக்கும். பழைய ஜப்பானியப் படங்களின் டைட்டிலில் இருப்பது 'பிஜுட்சு', அதாவது கலை. இரண்டே இரண்டு கான்ஜி எழுத்து (சீனத்திலிருந்து ஜப்பானியத்துக்கு வந்த எழுத்து).

குரோசாவா படங்களின் டைட்டிலை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். 'செவன் சாமுராய்' (1954) படத்தில் அந்த எழுத்துகளுக்கு நேரே மட்சுயாமா தகாஷி இருப்பார். முராக்கி அப்போது உதவியாளர். அடுத்த ஆண்டுப் படத்திலேயே அந்த இடம் முராக்கிக்கு வந்துவிட்டது. 'ரான்' (1985) படத்தின் கலை இயக்கத்துக்கு அவர் பெற்ற ஆஸ்கர் பரிந்துரையில் மனைவி ஷினோபுவும் உண்டு.

ஒன்று மட்டும் கவனம்: 'யோஜிம்போ'வுக்கு அவர் பெற்ற பரிந்துரை செட்டுக்கு இல்லை, உடைகளுக்கு! அதைக் கலை இயக்கக் கணக்கில் சேர்த்துவிடாதீர்கள்.