கல்லாவுக்குப் பின்னால் ஒரு கதை: வாசகர் கேள்வி – பதில்

டொராண்டோவில் ஒரு கொரியக் குடும்பத்தின் பெட்டிக்கடையைச் சுற்றி நடக்கும், இன்ஸ் சோய் தன் மேடை நாடகத்திலிருந்து உருவாக்கிய ‘கிம்ஸ் கன்வீனியன்ஸ்’ தொலைக்காட்சித் தொடர் பற்றிப் போன இதழில் நாலு வரி எழுதியிருந்தோம். கடை வைத்திருக்கும் குடும்பங்களிலிருந்தும் நாடகக் குழுக்களிலிருந்தும் கடிதங்கள் குவிந்துவிட்டன. இந்த மாதம் முழுக்க அதுதான்.

இன்ஸ் சோய் நடிகரா, எழுத்தாளரா, தயாரிப்பாளரா? ஒவ்வோர் இடத்தில் ஒவ்வொரு மாதிரி போடுகிறார்களே?
*வாசகர், சயான்*

மூன்றும்தான். ஆனால் எது முதலில் வந்தது என்பதைப் பார்க்க வேண்டும். தென் கொரியாவில் பிறந்து, கைக்குழந்தையாகக் கனடா போய், டொராண்டோவின் ஸ்கார்பரோ பகுதியில் வளர்ந்தவர். அப்பா பாதிரியார். யார்க் பல்கலைக்கழகத்தில் நாடகம் படித்துவிட்டு நடிகராகத்தான் தொடங்கினார். 2005இல் ஆசியக் கனடியர்களுக்கான ஃபியூ-ஜென் நாடகக் குழுவின் எழுத்துப் பயிற்சியில் இந்தக் கடை நாடகத்தை எழுத ஆரம்பித்தார். டொராண்டோவின் நாடகக் கம்பெனிகள் அதை எடுக்கவில்லை. 2011இல் டொராண்டோ ஃபிரிஞ்ச் விழாவின் புது நாடகப் போட்டியில் அது பரிசு வாங்கியது. அரங்கம் நிறைந்தது, சோய் மகன் வேடத்தில் மேடையேறினார். 2012 தொடக்கத்தில் சோல்பெப்பர் கம்பெனி அதைத் தன் மேடைக்குக் கொண்டுவந்தது. பிறகு கனடா முழுக்கச் சுற்றி, 2017இல் நியூயார்க்கையும் எட்டியது.

தொலைக்காட்சிக்கு வந்தது 2016 அக்டோபரில், கனடாவின் பொது ஒளிபரப்பான சிபிசி சேனலில். அதற்கு முன் ‘கார்னர் கேஸ்’ நகைச்சுவைத் தொடருக்கு எழுதிய கெவின் ஒயிட்டோடு சேர்ந்து தொடரை உருவாக்கினார் சோய். சீசனுக்கு 13 வீதம் 5 சீசன், 65 அத்தியாயம். அவருக்குக் கிடைத்த ‘எக்ஸிக்யூட்டிவ் புரொட்யூசர்’ பட்டத்தைப் பணம் போட்டவர் என்று படித்துவிடாதீர்கள். அங்கே தொடரை உருவாக்கிய எழுத்தாளருக்கு அந்தப் பட்டம் கொடுத்தால், கடைசி வரைவு, நடிகர் தேர்வு, எடிட்டிங் எல்லாவற்றிலும் அவர் வாய் திறக்கலாம் என்று அர்த்தம். நம் ஊர் மெகா சீரியலில் கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் இன்னொருவர் என்று பிரித்துக் கொடுத்துவிடுவதால் அப்படி ஒரு நாற்காலியே உருவாவதில்லை.

தாராவி 90 அடி சாலையில் அப்பா நடத்திய மளிகைக் கடையை வைத்து 75 நிமிட நாடகம் எழுதியிருக்கிறேன். இதை வெப் தொடராக்க எங்கே தொடங்குவது?
*வாசகர், தாராவி*

உங்கள் கடைசிக் காட்சியிலிருந்து தொடங்குங்கள். சோய் செய்த முக்கியமான மாற்றம் அங்கேதான் இருக்கிறது. நாடகத்தில், பேச்சு முறிந்த அப்பாவும் மகனும் முடிவில் நேருக்கு நேர் நிற்கிறார்கள், மனம் இளகுகிறது. தொடரில் அந்தச் சந்திப்பைப் பிடித்து வைத்துக்கொண்டார்கள். அப்பாவுக்குத் தெரியாமல் அம்மா மகனைப் பார்க்கப் போவார், ஒரே ஊரில் இருந்தும் அப்பாவும் மகனும் ஒதுங்கிப் போவார்கள். நாடகம் முடிச்சை அவிழ்த்தால் போதும். தொடருக்கு அந்த முடிச்சுதான் முதல். முதல் சீசனிலேயே அதை அவிழ்த்துவிட்டால் இரண்டாம் சீசனில் வாடிக்கையாளர் வந்து போவதை மட்டும்தான் காட்ட முடியும்.

அடுத்தது வயது. நாடகத்தில் மகள் ஜேனட்டுக்கு 30. தொடரில் 20, கலைக் கல்லூரி மாணவி. மேடையில் மகனுக்கு ஒரு குழந்தை உண்டு, திரையில் தனியாள். பத்து வயதைக் குறைத்தால் படிப்பு, காதல், வேலை, வீட்டை விட்டுப் போவது என்று நாலு சீசனுக்கு விஷயம் கிடைக்கும். உங்கள் நாடகத்து மகனுக்கு 35 வயதும் இரண்டு பிள்ளைகளும் இருந்தால், அவனைக் கல்லூரி முடித்த புதிதில் கொண்டுபோய் நிறுத்துங்கள்.

மூன்றாவது, இரண்டாம் இடம். நாடகத்தில் ஐந்தே நடிகர்கள், ஒரே கடை. கடைக்கு வரும் பல பேரை ஒரே நடிகர் மாறி மாறிச் செய்தார். தொடரில் மகன் வேலை பார்க்கும் கார் வாடகை அலுவலகமும் குடும்பம் போகும் தேவாலயமும் சேர்ந்தன. 22 நிமிட அத்தியாயத்துக்குள் இரண்டு மூன்று கதை இழை ஓட வேண்டும், ஓர் இழையிலிருந்து இன்னொன்றுக்கு வெட்டிப் போக எடிட்டருக்கு இடம் வேண்டும். கடை மட்டுமே இருந்தால் எங்கே வெட்டினாலும் அதே அரிசி மூட்டைதான் தெரியும். கடையோடு, சாக்கிநாகாவில் மகன் வேலை செய்யும் கூரியர் குடோன், ஞாயிற்றுக்கிழமை தமிழ்ச் சங்கக் கூடம் என்று மூன்று இடம் வைத்துக்கொள்ளுங்கள். நாலாவது வேண்டாம், செட்டுக்கே பட்ஜெட் போய்விடும்.

கையில் இருக்க வேண்டிய காகிதங்கள்: கதையை ஒரே பக்கத்தில். முக்கியமான ஐந்தாறு பேரைப் பற்றி ஆளுக்கு அரைப் பக்கம். அதில் உயரம், நிறம் வேண்டாம், அவருக்கு என்ன வேண்டும், எது தடுக்கிறது என்பது போதும். பத்து அத்தியாயங்களுக்கு ஆறேழு வரி வீதம் சுருக்கம். முதல் அத்தியாயம் மட்டும் முழுத் திரைக்கதையாக, 25 முதல் 30 பக்கம். அந்தேரித் தயாரிப்புக் கம்பெனிகளில் காட்சி விவரத்தை ஆங்கிலத்திலும் வசனத்தை ரோமன் (ஆங்கில) எழுத்திலும் படித்துப் பழகியிருக்கிறார்கள். தமிழ் வசனத்தைத் தமிழ் எழுத்திலேயே கொடுத்தால் பலர் பக்கத்தைப் புரட்டிவிட்டு வைத்துவிடுவார்கள். சென்னைக்கு அனுப்பும் பிரதி வேறு, இது வேறு. திரைக்கதையில் ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற கணக்கு, ‘கூரியர்’ என்ற ஆங்கில எழுத்துருவுக்கானது. தமிழ் எழுத்து அகலமாக ஓடும், கணக்கு தவறும். நாலு பேரை உட்கார வைத்துக் கைக்கடிகாரத்தோடு வாசித்துப் பாருங்கள்.

கெட்டுப்போகும் இடம் பெரும்பாலும் அப்பாவின் பேச்சுதான். அவர் உடைந்த இந்தியில் பேசுவதே நகைச்சுவை என்று நினைத்தால் மூன்றாம் காட்சியில் சலிக்கும். அந்த அரைகுறை இந்தியிலேயே அவர் பேரத்தில் ஜெயிக்க வேண்டும். சிரிப்பு அங்கே வரட்டும்.

சோதனைக்கு ஒரு காட்சியை நிஜக் கடையிலேயே எடுக்கலாமா?
*அதே வாசகர்*

எடுக்கலாம். ஃப்ரிட்ஜ் கம்ப்ரசர் சத்தம் வசனத்தில் ஏறும், அணைத்துவிடுங்கள். அணைத்ததும் உங்கள் வண்டிச் சாவியை அந்த ஃப்ரிட்ஜுக்குள்ளேயே வையுங்கள். ஒலிப்பதிவாளர்களின் பழைய தந்திரம் இது. சாவி இல்லாமல் வீட்டுக்குக் கிளம்ப முடியாது என்பதால் மறுபடி சுவிட்சைப் போடாமல் போகமாட்டீர்கள், பாலும் தயிரும் பிழைக்கும். பழைய டியூப் லைட் இருந்தால் படத்தில் பட்டை ஓடும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் ஷட்டர் வேகத்தை 1/50 நொடியில் வையுங்கள். ஷட்டரை ஆங்கிள் கணக்கில் வைக்கும் கேமராவானால் நொடிக்கு 24 ஃப்ரேமுக்கு 172.8 டிகிரி. தொங்கும் ஷாம்பு, சிப்ஸ் சரங்கள் விளக்கை அப்படியே திருப்பி அடிக்கும், முன் வரிசையை மட்டும் கழற்றிவிடுங்கள்.

கதையைச் சொன்னால் திருடிவிடுவார்கள் என்கிறார்கள். எப்படிக் காப்பது?
*வாசகி, அந்தேரி மேற்கு*

‘ஐடியா’வைக் காக்க முடியாது. இதற்கு நம் உச்ச நீதிமன்றத்தின் 1978ஆம் ஆண்டுத் தீர்ப்பே இருக்கிறது: ஆர்.ஜி. ஆனந்த் எதிர் டீலக்ஸ் ஃபிலிம்ஸ். அதுவும் ஒரு நாடக ஆசிரியர் போட்ட வழக்கு. பஞ்சாபிக் குடும்பம், மதராஸிக் குடும்பம், நடுவில் காதல், மாகாணப் பற்று என்று அவர் நாடகம் எழுதியிருந்தார். 1956இல் வைஜயந்திமாலா, கிஷோர் குமார் நடித்த ‘நியூ டெல்லி’ படம் வந்தது. கரு ஒன்றானாலும் எடுத்துச் சொன்ன விதம் வேறு என்று வழக்கு தள்ளுபடியானது. சட்டக் கல்லூரிகளில் இன்றும் பாடமாக இருக்கும் இந்த வழக்கின் நடுவில் ஒரு தமிழ்ப் பெண் பாத்திரம் நிற்பது நமக்குக் கூடுதல் சுவாரஸ்யம்.

அதனால் வாய்மொழியாகக் கதை சொல்லப் போகுமுன் காட்சிகளாக, வசனத்தோடு எழுதிவிடுங்கள். எழுத்தில் வந்த வடிவத்துக்குத்தான் பாதுகாப்பு. திரை எழுத்தாளர்களின் சங்கமான ஸ்கிரீன்ரைட்டர்ஸ் அசோசியேஷனில் உறுப்பினராகி இணையத்திலேயே பதிவு செய்யலாம். எந்தத் தேதியில் உங்களிடம் என்ன இருந்தது என்பதற்கு அது சான்று, அவ்வளவுதான். பதிப்புரிமை எழுதிய நொடியிலேயே உங்களுடையது. கதை சொல்லிவிட்டு வந்த அன்றே, “இன்று உங்களிடம் இந்தக் கதையைச் சொன்னேன்” என்று இரண்டு வரி மின்னஞ்சல் அனுப்பிவையுங்கள். பின்னால் சண்டை வந்தால் பதிவுச் சான்றிதழைவிட இந்த இரண்டு வரி அதிகம் பேசும்.

கையெழுத்துப் போடும்போது பதிப்புரிமைச் சட்டம் 19ஆம் பிரிவை மனத்தில் வையுங்கள். எத்தனை காலத்துக்கு என்று ஒப்பந்தத்தில் இல்லாவிட்டால் 5 ஆண்டு. எந்த நாட்டுக்கு என்று இல்லாவிட்டால் இந்தியா மட்டும். வாங்கியவர் ஓராண்டுக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தாவிட்டால் அது உங்களிடமே திரும்பிவிடும். ஆனால் “ஒப்பந்தத்தில் வேறுவிதமாகச் சொல்லாதவரை” என்ற வால் அதில் உண்டு. அச்சடித்த ஒப்பந்தங்கள் அந்த வாலைத்தான் பிடித்துக்கொள்கின்றன: நிரந்தரமாக, உலகம் முழுக்க, ஓராண்டு விதி பொருந்தாது என்று மூன்று வரி இருக்கும். மூன்றையும் அடித்துப் பேசுங்கள். மேடை உரிமையைக் கொடுக்கவே வேண்டாம். சோயின் தொடர் முடிந்த பிறகும் நாடகம் மேடையேறிக்கொண்டுதான் இருக்கிறது. 2012 திருத்தத்துக்குப் பின், திரையரங்கில் காட்டுவது தவிர மற்றப் பயன்பாடுகளுக்கு எழுத்தாளரின் ராயல்டி உரிமையை விட்டுக்கொடுத்து எழுதிக் கொடுத்தாலும் செல்லாது.

ஆறாவது சீசனும் உண்டு என்று அறிவித்துவிட்டு ஏன் ஐந்தோடு நிறுத்தினார்கள்?
*வாசகர், டோம்பிவிலி*

2020இல் ஐந்து, ஆறு இரண்டுக்கும் ஒப்புதல் கிடைத்தது. 2021 மார்ச்சில், சோயும் ஒயிட்டும் வேறு வேலைகளுக்குப் போவதால் ஐந்தோடு முடிகிறது என்று அறிவித்தார்கள். அந்த ஜூனில், மகனாக நடித்த சிமு லியு முகநூலில் மனக்குறையைக் கொட்டினார்: தயாரிப்பாளர்களில் பெரும்பாலோர் வெள்ளையர், ஆசிய நடிகர்கள் தங்கள் வாழ்க்கையிலிருந்து சொல்ல வந்ததை யாரும் கேட்டுக்கொள்ளவில்லை என்று. எழுத்துக் குழுவில் ஆசியப் பெண்கள் போதவில்லை என்பதை அம்மாவாக நடித்த ஜீன் யூனும் வெளிப்படையாகச் சொன்னார்.

யார் பக்கம் நியாயம் என்பதைவிட அமைப்பைப் பாருங்கள். ஒரு குடும்பத்தின், ஒரு சமூகத்தின் உள் விஷயம் தெரிந்தவர் எழுத்துக் குழுவில் ஒருவர்தான் என்றால், அவர் எழுந்து போகும் நாளில் கடைக்கு ஷட்டர்தான். தாராவி வாசகர் குழு அமைக்கும்போது, அந்தக் கடையில் நின்றிருக்கும் ஒரு பெண்ணாவது எழுதும் மேசையில் இருக்கட்டும். இல்லாவிட்டால் அம்மா பாத்திரம் காபி கொண்டுவருவதோடு நின்றுவிடும்.

கனடாவில் மட்டும் எழுத்தாளருக்கு எப்படி இத்தனை மவுசு?
*வாசகர், செம்பூர்*

மவுசைவிட வரிச் சலுகையைச் சொல்ல வேண்டும். அங்கே ஒரு தொடர் கனடியத் தயாரிப்பு என்று சான்று பெறப் பத்துப் புள்ளி அளவுகோல் ஒன்று உண்டு. இயக்குநர் கனடியர் என்றால் 2, எழுத்தாளருக்கு 2. முதல் இரண்டு நடிகர்கள், கலை இயக்குநர், ஒளிப்பதிவாளர், இசையமைப்பாளர், எடிட்டர் ஆளுக்கு 1. பத்தில் 6 வேண்டும். தயாரிப்பாளர் கனடியராக இருந்தே ஆக வேண்டும், இயக்குநர் அல்லது எழுத்தாளரில் ஒருவராவது கனடியராக இருக்க வேண்டும். தகுதி பெற்றால் கூலிச் செலவில் 25 சதவீதம் வரை மத்திய அரசின் வரிக்கழிவு. ஒரே ஆள் எழுதி, நடித்து, தயாரிப்பிலும் பெயர் போட்டால் தயாரிப்புக் கம்பெனிக்கு அது வசதி. மும்பையில் எழுத்தாளருக்கு அப்படி ஒரு புள்ளியும் கிடையாது. இங்கே பேரம்தான் புள்ளி.

டேன் லெவியும் இதே வகைதானா? நம் மைத்ரேயி?
*வாசகி, வாஷி*

லெவி இதே வகை, எழுதி, நடித்து, தயாரிப்பவர். எம்டிவி கனடாவில் தொகுப்பாளராக இருந்தவர், நடிகரான அப்பா யூஜின் லெவியோடு சேர்ந்து ‘ஷிட்ஸ் கிரீக்’கை உருவாக்கி 2015 முதல் 2020 வரை 80 அத்தியாயம் கொண்டுபோனார். அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மியில் 2020இல் எழுத்து, இயக்கம், துணை நடிப்பு, சிறந்த நகைச்சுவைத் தொடர் என்று ஒரே ஆண்டில் நாலு விருது. மைத்ரேயி ராமகிருஷ்ணன் மிசிசாகாவில் வளர்ந்த தமிழ்ப் பெண், சுமார் 15,000 பேர் விண்ணப்பித்த பொதுத் தேர்வில் ‘நெவர் ஹேவ் ஐ எவர்’ தொடருக்குத் தேர்வானவர். அவர் வந்தது நடிப்பு வழியில்.

முதலில் மாட்டுங்காவில் மேடையேற்றிப் பார்க்க நினைக்கிறோம். அனுமதி ஏதும் வேண்டுமா?
*நாடகக் குழு, மாட்டுங்கா*

மகாராஷ்டிராவில் நாடகப் பிரதிகளைப் பரிசீலிக்கும் அரசு வாரியமான ரங்கபூமி பிரயோக் பரிநிரீக்ஷண் மண்டலுக்குப் பிரதியை அனுப்பிச் சான்றிதழ் வாங்க வேண்டும். தமிழ் நாடகத்துக்கும்தான். டிக்கெட் அச்சடிப்பதற்கு முன்பே பிரதியைக் கொடுத்துவிடுங்கள். சான்று வாங்கிய பிறகு புதுக் காட்சி சேர்த்தால் அதையும் காட்ட வேண்டியிருக்கும், எனவே ஒத்திகையில் மாற்றியதெல்லாம் முடிந்த பிரதியாகக் கொடுப்பது நல்லது. சண்முகானந்தா அரங்கை நினைத்தே பார்க்காதீர்கள். இரண்டாயிரத்துக்கும் மேல் இருக்கை, கடை செட் தீப்பெட்டி மாதிரி தெரியும். மைசூர் அசோசியேஷன் அரங்கோ, ஜுஹு பிருத்வி போல இருநூறு பேர் அமரும் இடமோதான் பொருத்தம். அப்பா சில்லறை எண்ணும் விரல் கடைசி வரிசைக்கும் தெரிய வேண்டும்.

சோய் இப்போதும் நடிக்கிறாரா?
*வாசகர், முலுண்ட்*

நடிக்கிறார். 2024 ஜனவரியில் லண்டன் பார்க் தியேட்டரில் அதே நாடகம். 2011இல் மகனாக நின்றவர், இந்த முறை கல்லாவில் அப்பாவாக உட்கார்ந்தார்.