நகத்துக்கு அடியில் புடைப்பு: அம்மாவின் விரலும் மகனின் கால் பெருவிரலும்

கேள்வி: எனக்கு வயது 43. கன்னியாகுமரி மாவட்டம் முட்டத்துக்குப் பக்கத்தில் கடலோர ஊர். மீன் வியாபாரம் செய்கிறேன். இடது கை மோதிர விரல் நகத்துக்கு அடியில் மூன்று வருடமாக வலி. நகத்தின் வேர்ப் பக்கம் லேசாகப் புடைத்து, மங்கலான நீலப் புள்ளி போல் தெரிகிறது. ஐஸ் பெட்டிக்குள் கையை விட்டால் வலி தோள்பட்டை வரை பாய்கிறது. கழுத்து எலும்புத் தேய்மானம் என்று மாத்திரை தந்தார்கள், பலன் இல்லை. இப்போது 17 வயது மகனுக்கும் வலது கால் பெருவிரல் நகத்துக்கு அடியில் கல் போல ஒரு முண்டு. நகத்தையே தூக்கிவிட்டது. அவன் கால்பந்து விளையாடுகிறவன். மரு என்று நினைத்துக் கரைக்கும் மருந்து வைத்தோம், மறுபடியும் வளர்கிறது. என்னிடமிருந்து அவனுக்கு ஒட்டிக்கொண்டதா? புற்றுநோயாக இருக்குமோ? நகத்தைப் பிடுங்க வேண்டி வருமா?

பதில்: சகோதரி, முதலில் உங்கள் பயத்தைத் தீர்த்துவிடுகிறேன். நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் உங்களுக்கு வந்திருப்பதும் உங்கள் மகனுக்கு வந்திருப்பதும் ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத இரண்டு நோய்கள். இரண்டுமே ஒட்டிக்கொள்பவை அல்ல. இரண்டுமே பெரும்பாலும் புற்றுநோய் அல்ல. இரண்டையும் அறுவை சிகிச்சையால் குணப்படுத்த முடியும். ஆனால் நேரில் பார்த்துச் சோதிக்காமல் எந்த மருத்துவரும் முடிவு சொல்லக் கூடாது, நானும் சொல்லவில்லை. எதைச் சந்தேகிக்க வேண்டும், எந்தப் பரிசோதனையைக் கேட்க வேண்டும் என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

விரல் நுனியின் அமைப்பு தெரிந்தால் மற்றதெல்லாம் எளிதில் புரியும். உடம்பில் பெரும்பாலான இடங்களில் தோலுக்கும் எலும்புக்கும் நடுவே கொழுப்பும் தசையும் இருக்கின்றன. நகத்துக்கு அடியில் அப்படி எதுவும் இல்லை. சில மில்லிமீட்டர் கனமுள்ள நகப்படுக்கை, அதற்குக் கீழே நேராக எலும்பு. மேலே நகம், கீழே எலும்பு என்று இரண்டு பக்கமும் கடினமாக இருப்பதால், அங்கே மிளகு அளவுக்கு ஒன்று முளைத்தாலும் அதற்கு இடம் கிடையாது. ஒன்று நகத்தைத் தூக்கும், அல்லது நரம்பை அழுத்தி உயிரை எடுக்கும். நகத்தை உற்பத்தி செய்யும் வேர்ப்பகுதியின் மேல் அது உட்கார்ந்துவிட்டால், வளர்ந்து வரும் நகம் முழுவதும் நீளவாக்கில் ஒரு பள்ளமோ வரம்போ பிளவோ தெரியும். ஆகவே கண்ணுக்குத் தெரிவது நகத்தின் கோளாறாக இருந்தாலும், நோய் பெரும்பாலும் அதற்கு அடியில்தான் இருக்கிறது. நகத்தை மட்டும் வெட்டுவதாலும் பிடுங்குவதாலும் நோய் போகாது.

உங்கள் விரலுக்கு வருகிறேன். ஒரே விரல், தொட்டால் உயிர் போகும் ஒரே புள்ளி, குளிர் பட்டால் பாயும் வலி. இந்த மூன்றும் சேர்ந்தால் நான் முதலில் நினைப்பது குளோமஸ் கட்டி. விரல் நுனிகளில் உடம்பின் வெப்பத்துக்கு ஏற்ப ரத்த ஓட்டத்தைக் கூட்டவும் குறைக்கவும் மிக நுண்ணிய அமைப்புகள் உண்டு. அவற்றில் ஒன்று அளவுக்கு மீறி வளர்வதுதான் இந்தக் கட்டி. பெரும்பாலும் ஒரு சென்டிமீட்டருக்கும் குறைவாகவே இருக்கும். நகத்துக்கு அடியில் வருவது பெண்களிடம், அதுவும் நடுத்தர வயதில், அதிகம் காணப்படுகிறது. புற்றுநோயாக மாறுவது மிக மிக அரிது. ஆனால் வலியோ, கட்டியின் அளவோடு ஒப்பிடவே முடியாத வலி. வெளியே ஒன்றும் தெரியாததால் பலர் வருடக்கணக்கில் கழுத்துக்கும் நரம்புக்கும் வாதத்துக்கும் மருந்து சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். சிலரிடம் 'மனதில்தான் நோய்' என்றுகூடச் சொல்லிவிடுகிறார்கள். இது எனக்குத் தாங்க முடியாத வருத்தம். ஒரு பெண் மூன்று வருடமாக ஒரே புள்ளியைத் தொட்டுக் காட்டி வலிக்கிறது என்கிறாள் என்றால், அந்தப் புள்ளியில் ஏதோ இருக்கிறது என்றுதான் மருத்துவர் நம்ப வேண்டும்.

இதைக் கண்டுபிடிக்கும் முதல் சோதனைக்குச் செலவே இல்லை. மருத்துவர் பென்சில் முனையாலோ குண்டூசியின் தலையாலோ நகத்தின் மேல் அங்குலம் அங்குலமாக அல்ல, மில்லிமீட்டர் மில்லிமீட்டராக அழுத்திப் பார்ப்பார். கட்டிக்கு நேர் மேலே வரும்போது நீங்கள் கையை இழுத்துவிடுவீர்கள். அரை சென்டிமீட்டர் தள்ளி அழுத்தினால் ஒன்றும் இருக்காது. பிறகு ரத்த அழுத்தம் பார்க்கும் பட்டையைப் புஜத்தில் கட்டிக் காற்றடித்து ரத்த ஓட்டத்தைச் சற்று நிறுத்தினால் வலி அடங்கும், விட்டதும் திரும்பும். எக்ஸ்-ரேயில் சிலருக்கு எலும்பில் சிறு குழி தெரியும், பலருக்குத் தெரியாது. எனவே 'எக்ஸ்-ரே நன்றாக இருக்கிறது' என்ற பதிலோடு திரும்பி வந்துவிடாதீர்கள். எம்.ஆர்.ஐ. ஸ்கேன் இடத்தைத் துல்லியமாகக் காட்டும்; அனுபவமுள்ளவர் செய்யும் அல்ட்ராசவுண்டும் உதவும்.

மாத்திரையால் இது கரையாது. விரலை மட்டும் மரத்துப்போகச் செய்து, நகத்தைத் தூக்கி, கட்டியை உறையோடு முழுமையாக எடுப்பதுதான் சிகிச்சை. கொஞ்சம் மிச்சம் வைத்தால் மீண்டும் வரும். அதனால் கை அறுவை சிகிச்சையில் பழக்கமுள்ளவர் செய்வது நல்லது. முழுமையாக எடுத்துவிட்டால் அந்த வலி போய்விடுகிறது. புண் ஆறும் வரையிலான சாதாரண வலிதான் மிஞ்சும். வேர்ப்பகுதியில் கட்டி இருந்தால் வளரும் நகத்தில் ஒரு வரம்பு நிலைத்துவிடலாம், அதை முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். காயம் ஆறுகிற வரை மீன் தண்ணீரும் ஐஸும் அந்தக் கையில் படக் கூடாது. வியாபாரத்தை யாரிடம் ஒப்படைப்பது என்று யோசித்துவிட்டு அறுவை சிகிச்சைக்கு நாள் குறியுங்கள்.

மகனின் கால் விரலில் முக்கியமான செய்தி 'கல் போல' என்று நீங்கள் எழுதிய இரண்டு சொற்கள். பதின்ம வயதிலும் இருபதுகளிலும், கால் பெருவிரல் நகத்துக்கு அடியில், கல் போன்ற முண்டு வந்தால் அது பெரும்பாலும் எலும்பே வளர்ந்து வருவதுதான். விரல் நுனி எலும்பிலிருந்து ஒரு சிறு மொட்டு, மேலே குருத்தெலும்புத் தொப்பியோடு, நகத்தை நோக்கி முளைக்கிறது. திரும்பத் திரும்ப அடிபடுவது இதற்குக் காரணமாக இருக்கலாம் என்று கருதப்படுகிறது. நம் கடற்கரை ஊர்களின் மணலில் வெறுங்காலோடும், பிறகு இறுக்கமான பூட்ஸோடும் பந்து உதைத்து வளரும் நம் பிள்ளைகளின் பெருவிரலுக்கு எத்தனை அடி விழுகிறது என்று சொல்லத் தேவையில்லை.

மேல் தோல் தடித்துச் சொரசொரப்பாக இருப்பதால் இது மரு போலவே தோன்றும். சிலர் பூஞ்சை என்று மாதக்கணக்கில் மாத்திரை கொடுப்பார்கள், சிலர் நகம் சதைக்குள் வளர்கிறது என்று நகத்தைப் பிடுங்குவார்கள். மருவைக் கரைக்கும் அமிலம் எலும்பைக் கரைக்காது. மேலே உள்ள தோலைத்தான் புண்ணாக்கும். எனவே அந்த மருந்தை இன்றே நிறுத்துங்கள். செய்ய வேண்டியது பெருவிரலுக்கு ஒரு எக்ஸ்-ரே, அதிலும் பக்கவாட்டுப் படம் கட்டாயம். நேர்ப் படத்தில் மட்டும் பார்த்தால் முண்டு எலும்பின் நிழலில் மறைந்துவிடும். தக்கலை, குளச்சல், குழித்துறை அரசு மருத்துவமனைகளில் கேட்டுப் பாருங்கள். ஆசாரிப்பள்ளத்தில் உள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போனால் தோல் நோய்ப் பிரிவையும் எலும்பு மருத்துவப் பிரிவையும் ஒரே இடத்தில் பார்க்கலாம். உங்கள் இருவருக்கும் ஒரே பயணம் போதும். எலும்பு வளர்ச்சி உறுதியானால் அதை அடியோடு செதுக்கி எடுப்பார்கள். அடியில் மிச்சம் இருந்தால் இதுவும் திரும்பி வரும். புண் நன்றாக ஆறி, மருத்துவர் சொல்லும் வரை பந்தைத் தொடக் கூடாது. போட்டி இருக்கிறது என்று அவன் கெஞ்சுவான், அசையாதீர்கள்.

நம் மாவட்டத்தில் எலும்பு, மூட்டு என்றால் வர்ம ஆசானிடம் போவது பழக்கம். அந்த மரபின் மீது எனக்கு மரியாதை உண்டு. ஆனால் நகத்துக்கு அடியில் உள்ள கட்டியை எண்ணெய் விட்டு உருவுவதோ அழுத்திக் கட்டுவதோ வேண்டாம். என்ன கட்டி என்று தெரியாதபோது அழுத்தக் கூடாது.

இதைப் படிக்கும் மற்றவர்களுக்கும் சில வார்த்தை. நகத்தின் ஓரத்தில் காலிஃபிளவர் மேல்புறம் போல வெடித்த பரு, அதற்குள் சிறு கரும்புள்ளிகள் என்றால் அது வைரஸ் மருவாக இருக்கலாம். இது மட்டும் ஒட்டும்: நகம் கடிக்கும் குழந்தை ஒரு விரலிலிருந்து இன்னொரு விரலுக்குக் கொண்டுபோகும், ஒரே நகவெட்டி வீடு முழுக்கப் பரப்பும். பொறுமையாக வாரக்கணக்கில் சாலிசிலிக் அமிலம், அல்லது மருத்துவரிடம் திரவ நைட்ரஜனால் உறையவைத்தல் என்று சிகிச்சை உண்டு. முந்திரித் தோட்டு எண்ணெயை வைத்துச் சுடும் பழக்கம் அண்டி ஆபீஸ் (முந்திரித் தொழிற்சாலை) ஊர்களில் இன்னும் இருக்கிறது. அது மருவோடு நகப்படுக்கையையும் பொசுக்கிவிடும்.

கை விரலின் கடைசி மூட்டுக்கும் நகத்துக்கும் நடுவே, பளபளப்பான, உள்ளே பாகு போன்ற நீர் உள்ள கொப்புளம் மூட்டுத் தேய்மானம் உள்ள முதியவர்களுக்கு வரும். அதை வீட்டில் ஊசியால் குத்தாதீர்கள். அது பல நேரம் மூட்டோடு தொடர்புடையது. கிருமி நேராக மூட்டுக்குள் போய்விடும்.

நகச்சுத்திக்கு எலுமிச்சம்பழத்தைக் குடைந்து விரலில் மாட்டுவது எல்லோருக்கும் தெரிந்த வைத்தியம். வெதுவெதுப்பான நீரில் நாளுக்கு மூன்று நான்கு முறை பதினைந்து நிமிடம் விரலை வைப்பது அதைவிட நல்லது. சீழ் கட்டிவிட்டால் கீறி வெளியேற்ற வேண்டும்; பழத்துக்குள் மூடி வைத்துக் காத்திருக்கக் கூடாது. இறால் உரிப்பவர்கள், தேங்காய்த் தொண்டு (மட்டை) அழுகிய தண்ணீரில் வேலை செய்பவர்கள், நாள் முழுக்கப் பாத்திரம் கழுவுபவர்கள் ஆகியோருக்கு நகவோரம் மாதக்கணக்கில் வீங்கியே இருக்கும். அவர்களுக்கு மருந்தைவிடக் கையை உலர்வாக வைப்பதே பெரிய சிகிச்சை. உள்ளே பருத்திக் கையுறை, மேலே ரப்பர் கையுறை. சர்க்கரை நோயாளிகள் கால் விரல் எதையும் வீட்டில் வெட்டவோ சுடுநீரில் முக்கவோ வேண்டாம். உணர்ச்சி குறைந்த காலில் வெந்தது தெரியாது.

எந்த நிலையில் ஒரு நாளும் தாமதிக்கக் கூடாது என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். நடு வயது தாண்டியவருக்கு ஒரே ஒரு விரலில் மரு போன்ற ஒன்று வருடக்கணக்கில் சிகிச்சைக்கு அடங்காமல் இருந்தால், சிறிது சதை எடுத்து பயாப்சி பார்க்க வேண்டும். அது தோல் புற்றுநோயின் ஒரு வகையாக இருக்கக்கூடும். அதைப்போல நகத்தில் கறுப்பு. அடிபட்டுக் கட்டிய ரத்தம் நகம் வளர வளர நுனியை நோக்கி நகரும். கை நகம் மாதத்துக்குச் சுமார் மூன்று மில்லிமீட்டர் வளரும். கால் நகம் அதில் பாதிதான். எனவே மாதம் ஒரு படம் கைபேசியில் எடுத்து வைத்தாலே நகர்கிறதா என்று தெரிந்துவிடும். நகராமல், ஒரே விரலில், புதிதாக வந்து அகலமாகிக்கொண்டே போகும் கறுப்புக் கோடு, நகத்தைத் தாண்டித் தோலிலும் பரவும் கறுப்பு, தொட்டால் ரத்தம் கசியும் சிவந்த சதை ஆகியவை மெலனோமா என்ற புற்றுநோயின் அடையாளமாக இருக்கலாம். நம் நிறத்தவருக்குப் பல விரல்களில் மெல்லிய பழுப்புக் கோடுகள் இருப்பது இயல்பு, அதற்குப் பயப்பட வேண்டாம். ஆனால் மெலனோமா நம்மைப் போன்றவர்களுக்கு வரும்போது உள்ளங்கால், உள்ளங்கை, நகம் ஆகிய இடங்களைத்தான் அதிகம் தேடி வருகிறது. தொடக்கத்தில் கண்டுபிடித்தால் காப்பாற்றலாம். இங்குள்ளவர்கள் மேல்சிகிச்சைக்குத் திருவனந்தபுரம் மண்டலப் புற்றுநோய் மையத்துக்குப் போவது வழக்கம். பயாப்சி முடிவோடு போனால் நாட்கள் வீணாகாது.

மருத்துவமனைக்குக் கிளம்பும் முன் நகத்தில் மருதாணியோ நகப்பூச்சோ வைக்காதீர்கள். நகப்பூச்சை ஒரு நொடியில் துடைத்துவிடலாம். மருதாணிச் சிவப்பு நகத்தோடு வளர்ந்து வெளியேற மாதங்கள் ஆகும், அதற்குள் அடியில் உள்ள நிறம் எதுவும் மருத்துவர் கண்ணில் படாது. பழைய மருந்துச் சீட்டுகளையும் கழுத்துக்கு எடுத்த எக்ஸ்-ரேயையும் கையோடு கொண்டுபோங்கள்.

நகம் போய்விடுமா என்று கேட்டிருந்தீர்கள். இரண்டு அறுவை சிகிச்சையிலும் நகத்தைச் சற்றுத் தூக்கியோ ஒரு பகுதி எடுத்தோ வேலை செய்வார்கள். வேர் சேதமாகாவிட்டால் உங்கள் விரல் நகம் ஆறு மாதத்திலும், மகனுடைய கால் நகம் ஒன்றிலிருந்து ஒன்றரை வருடத்திலும் முழுதாக வளர்ந்துவிடும். எடுத்த கட்டி இரண்டையும் பரிசோதனைக் கூடத்துக்கு அனுப்பச் சொல்லுங்கள். அந்த முடிவுத் தாளை வாங்காமல் சிகிச்சை முடிந்ததாக எண்ணாதீர்கள்.