கேள்வி பதில்: ஒரு கணக்கு பொருந்தாவிட்டால் விதி விழுந்துவிடுமா?

கல்லூரி மாணவி, ஈரோடு: தனி ஊசல் சோதனையில் எனக்கு g (புவியீர்ப்பு முடுக்கம்) மதிப்பு 9.8-க்குப் பதில் 9.4 வந்தது. "தப்பு, திரும்பச் செய்" என்று சொல்லிவிட்டார்கள். சோதனையை விட்டுவிட்டுப் புத்தகத்தை நம்புவதுதான் அறிவியலுங்களா?

திரும்பச் செய்யச் சொன்னது சரி. எங்கே தப்பு என்று தேடும் வழியையும் சொல்லியிருக்க வேண்டும். நூலை 50 செ.மீ. என்று குண்டின் கொக்கி வரைக்கும் அளந்திருப்பீர்கள் என்று நினைக்கிறோம். ஊசலின் நீளம் குண்டின் மையம் வரை. கொக்கியும் குண்டின் ஆரமும் சேர்ந்து 2 செ.மீ. இருந்தால் உண்மையான நீளம் 52. 9.8-ஐ 50-ஆல் பெருக்கி 52-ஆல் வகுத்துப் பாருங்கள், 9.42 வரும். வேறு பிழைகளும் உண்டு. ஸ்டாப்வாட்சை அழுத்தும்போதே 'ஒன்று' என்று எண்ணத் தொடங்கினால் 19 அலைவை 20 என்று எழுதிவிடுவோம், மதிப்பு 10.8-ஐத் தாண்டிவிடும். 20 பாகைக்கு இழுத்து விட்டால் ஒன்றரை சதவீதம் குறையும்.

எந்தப் பிழை என்று கண்டுபிடிக்க 30, 50, 70, 90 செ.மீ. நீளங்களில் சோதனையைச் செய்து, அலைவுநேரத்தின் வர்க்கத்தை நீளத்துக்கு எதிரே வரைபடமாக வரையுங்கள். நீளத்தில் ஒரே அளவு பிழை தொடர்ந்து வந்திருந்தால் கோடு ஆதிப்புள்ளி வழியே போகாது. நீள அச்சை -2 செ.மீ.யில் வெட்டும். சாய்வு மட்டும் கெடாது, அதிலிருந்து g சரியாகவே கிடைக்கும். எண்ணிக்கையில் தவறியிருந்தால் கோடு ஆதிப்புள்ளி வழியேதான் போகும், சாய்வு கெட்டிருக்கும்.

பெரிய விஞ்ஞானிகளும் இப்படித்தான் வேலை செய்கிறார்கள் என்று 1962-ல் அறிவியல் வரலாற்றாசிரியர் தாமஸ் கூன் விளக்கினார். ஒரு துறை ஏற்றுக்கொண்ட கோட்பாடு, அதன் கருவிகள், மாணவர்கள் போட்டுப் பழகும் மாதிரிக் கணக்குகள், எது கேட்கத் தகுந்த கேள்வி என்ற உணர்வு எல்லாம் சேர்ந்ததைத்தான் பாரடைம் என்றார். சட்டகம் என்று வைத்துக்கொள்வோம். ஊசலையே அவர் உதாரணமாக எடுத்துப் பேசியிருக்கிறார். சட்டகத்துக்குள் இருப்பவர், கணக்கு பொருந்தாதபோது முதலில் தன் கையைத்தான் சந்தேகிப்பார், விதியை அல்ல.

அந்தப் பிடிவாதத்துக்குப் பலன் உண்டு. யுரேனஸ் கோள் நியூட்டன் கணக்குப்படி ஓடவில்லை. பிரெஞ்சு வானியலாளர் லெவெரியே விதியைக் கைவிடாமல், தெரியாத இன்னொரு கோள் அதை இழுக்கிறது என்று கணக்கிட்டார். 1846 செப்டம்பர் 23 இரவு பெர்லினில் வானியலாளர் காலே தொலைநோக்கியைத் திருப்பினார். சொன்ன இடத்திலிருந்து ஒரு பாகைக்குள் நெப்டியூன் இருந்தது. அதே லெவெரியே 1859-ல் புதனின் பாதை மெல்லத் திரும்புவதில் கணக்குக்கு அடங்காத ஒரு மிச்சத்தைக் கண்டார். நூறு ஆண்டுக்கு 43 விகலை (ஒரு பாகையில் 3,600-ல் ஒரு பங்குதான் ஒரு விகலை) என்று பின்னர் திருத்தப்பட்ட அளவு அது. ஒரு பாகை சேர 8,000 ஆண்டுக்கு மேல் ஆகும். மறுபடியும் ஒரு கோளைத் தேடினார்கள், வல்கன் என்று பெயர்கூட வைத்தார்கள். அது இல்லவே இல்லை. 1915-ல் ஐன்ஸ்டைனின் புதிய ஈர்ப்புக் கோட்பாடு அந்த 43-ஐ அப்படியே தந்தது. இடைப்பட்ட ஐம்பத்தாறு ஆண்டும் நியூட்டனை யாரும் தூக்கி எறியவில்லை. எறிந்திருந்தால் மற்றக் கோள்களைக் கணக்கிட எதுவும் மிஞ்சியிருக்காது. பொருந்தாத எண்ணை அழிக்காமல் எழுதி வைத்திருந்தார்கள் என்பதுதான் இதில் மெச்ச வேண்டியது. உங்கள் 9.4-ஐயும் ரெக்கார்டு நோட்டில் அடிக்காதீர்கள். பக்கத்தில் காரணத்தை எழுதுங்கள்.

கரும்பு விவசாயி, கோபிசெட்டிபாளையம்: கரும்புக்கு விதை கிடையாது, கரணைதான் என்று எங்க பெரியவங்க சொல்வாங்க. அப்புறம் கோயமுத்தூரில் எப்படிப் புது ரகம் உண்டாக்கினாங்க?

உங்கள் பெரியவர்கள் மட்டுமல்ல, பத்தொன்பதாம் நூற்றாண்டின் பெரும்பகுதி தாவரவியலாளர்களும் அப்படித்தான் நம்பினார்கள். நம்பக் காரணமும் இருந்தது. பருவுள்ள கரணையை வெட்டி நட்டால் பயிர் வந்துவிடுகிறது. பூ வருவதற்குள் வெட்டு முடிந்துவிடும். பூத்தாலும் விதை பஞ்சு போன்ற இழைக்குள் தூசியளவுதான் இருக்கும். பல ஊர்களில் அது முளைப்பதும் இல்லை. 1858-ல் பார்படோஸ் தீவில் கரும்பு விதையிலிருந்து நாற்று முளைத்ததைக் கண்டு சொன்னார்கள். அதனால் எதுவும் மாறவில்லை. கரணை வேலை செய்துகொண்டிருந்தபோது விதை யாருக்கும் தேவைப்படவில்லை.

1880-களில் ஜாவாவில் செரே என்ற நோய் கரும்பை வாட்டியது. கரணையில் நட்டால் தாய்ப்பயிரின் நோயும் குணமும் அப்படியே பிள்ளைக்கு வரும். எதிர்ப்புள்ள புதுப்பயிர் வேண்டுமென்றால் ஒட்டுச்சேர்க்கை வேண்டும், அதற்கு விதை வேண்டும். அந்தப் பத்தாண்டில்தான் ஜாவாவிலும் பார்படோஸிலும் விதை முளைப்பது ஐயமின்றி நிறுவப்பட்டது. முப்பது ஆண்டு பழைய செய்திக்கு அப்போதுதான் மதிப்பு வந்தது.

கோவைக் கரும்பு நிலையம் 1912-ல் தொடங்கியது. இந்தப் பகுதியில் கரும்பு நன்றாகப் பூக்கும் என்பது இடத்தேர்வுக்கு முக்கியக் காரணம். அங்கே பணியாற்றிய தாவரவியலாளர்கள் பார்பரும் டி.எஸ். வெங்கட்ராமனும் தடித்த கரும்பை இன்னொரு தடித்த கரும்போடு சேர்ப்பதோடு நிற்கவில்லை. 'வெள்ளை' என்ற ரகத்தைச் சர்க்கரை மிகக் குறைந்த காட்டு நாணலோடு சேர்த்தார்கள். இனிப்பைக் கூட்ட வேண்டிய வேலையில் நாணலைக் கொண்டுவருவது அன்றைய கணக்கில் பின்னோக்கிய அடி. ஆனால் வடநாட்டுக் குளிரையும் வறட்சியையும் தாங்கும் குணம் நாணலில்தான் இருந்தது. 1918-ல் கோ 205 என்ற அந்தப் புது ரகம் வெளிவந்து பஞ்சாபில் ஊன்றியது. விதை முளைக்கும் என்று ஒத்துக்கொண்டதோடு மட்டும் இது நடந்திருக்காது. எதை எதோடு சேர்க்கலாம் என்ற கேள்வியே மாறியதால் நடந்தது.

ஆசிரியர், திருப்பூர்: பழைய தலைமுறை மறைந்தால்தான் புதுக் கருத்து நிலைக்குமா?

இயற்பியலாளர் மாக்ஸ் பிளாங்க் அப்படி எழுதினார். எப்போதும் அப்படி நடப்பதில்லை. ஆக்சிஜனை 1774-ல் பிரித்தெடுத்த பிரீஸ்ட்லி, 1804-ல் இறக்கும்வரை எரியும் பொருளிலிருந்து ஏதோ ஒன்று வெளியேறுகிறது என்ற பழைய ஃபுளோஜிஸ்டன் கொள்கையை விடவில்லை. கண்டங்கள் தட்டுகளாக நகர்கின்றன என்ற கண்டத்தட்டுக் கொள்கையிலோ, பணியில் இருந்த புவியியலாளர்களே 1960-களின் சில ஆண்டுகளில் மனம் மாறினார்கள். அடுத்த பதிலைப் பாருங்கள்.

வாசகர், காங்கயம்: போர் போடத் தேங்காயை வைத்து நீரோட்டம் பார்ப்பவரை அறிவியல் ஏற்பதில்லை. வேகனரையும் முதலில் யாரும் ஏற்கவில்லையே?

ஜெர்மன் அறிவியலாளர் வேகனர் 1912-ல் கண்டங்கள் நகர்ந்தன என்றபோது, யாரும் போய்ச் சரிபார்க்கக்கூடிய சான்றுகளைத் தந்தார். மெசோசாரஸ் என்ற சிறிய நீர்வாழ் ஊர்வனத்தின் புதைபடிவம் பிரேசிலிலும் தென் ஆப்பிரிக்காவிலும் இருக்கிறது. கடலை நீந்திக் கடக்க அதனால் முடியாது. அவர் தோற்றது வேறு இடத்தில். கண்டங்களைத் தள்ளும் விசை என்று அவர் சொன்னவை மிகமிகச் சிறியவை என்று புவி இயற்பியலாளர் ஜெஃப்ரீஸ் கணக்குப் போட்டுக் காட்டினார், அந்தக் கணக்கு சரி. 1963-ல் புவியியலாளர்கள் வைனும் மேத்யூஸும், கடலடித் தரை நடுவே புதிதாக உண்டாகி இரு பக்கமும் விலகுகிறது என்று கொண்டு, கடலடிப் பாறையின் காந்தப் பட்டைகளை விளக்கினார்கள். நடுக்கடல் மலைத்தொடரின் இரு பக்கமும் பட்டைகள் ஒன்றுபோல இருக்க வேண்டும் என்பது அதிலிருந்து வந்த கணிப்பு. கப்பல்கள் போய் அளந்தன, இருந்தது.

தேங்காய்க்கும் அதே வாய்ப்பைக் கொடுக்கலாம். "அவர் சொன்ன இடத்தில் தண்ணீர் வந்தது" என்பது போதாது. நம் பக்கம் கடும்பாறை. தேய்ந்த மேல்பாறையிலும் வெடிப்புகளிலும் நீர் நிற்கும், குத்துமதிப்பாகப் போட்டாலும் பல இடங்களில் கொஞ்சம் வரும். அவரை வயலில் நடக்கவிட்டு, காட்டிய புள்ளிகளை இரண்டு எல்லைக்கல்லிலிருந்து டேப் பிடித்து அளந்து எழுதுங்கள். மண்ணில் அடையாளம் வைக்காதீர்கள். இன்னொரு நாள் கண்ணைக் கட்டி, வேறு மூலையிலிருந்து, அவர் காட்டிய இடங்கள் தெரியாத ஒருவர் கையைப் பிடித்து நடத்தட்டும். தன் புள்ளிகளையே இரண்டு மீட்டருக்குள் அவர் திரும்பக் காட்டுகிறாரா என்று பாருங்கள். அதோடு சுற்றுவட்டாரத்தில் அவர் பார்த்துச் சொன்ன போர்கள், பார்க்காமல் போட்டவை இரண்டுக்கும் ஆழமும் நீர் வரத்தும் பட்டியல் போடுங்கள். புகைந்துபோன போர்களையும் விடாமல் எழுதுங்கள். விட்டுப்போவது பெரும்பாலும் அவைதான்.