சரித்திரம் எழுதியவர்கள் எதைக் கொண்டு பிழைத்தார்கள்?

கேள்வி: என் மகள் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருக்கிறாள். வரலாற்று நூல்கள் எழுத வேண்டும் என்பது அவள் ஆசை. பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்தால்தான் அது கைகூடும் என்கிறார்கள் உறவினர்கள். உண்மைதானா?
— வாசகி, மயிலாடுதுறை

பதில்: உங்கள் ஊருக்குப் பக்கத்திலிருந்தே ஒரு பதில் சொல்லலாம், அம்மா. 1892ஆம் ஆண்டு ஆகஸ்டு 12ஆம் நாள் நெல்லைச் சீமையின் கல்லிடைக்குறிச்சியில் கே.ஏ. நீலகண்ட சாஸ்திரி பிறந்தார். அதற்கு மூன்று நாள் கழித்து, கும்பகோணத்தை அடுத்த திருப்புறம்பயத்தில் தி.வை. சதாசிவ பண்டாரத்தார் பிறந்தார். இருவரும் வாழ்நாளின் பெரும்பகுதியைச் சோழர் வரலாற்றுக்கே கொடுத்தார்கள். ஆனால் அவர்கள் நடந்து வந்த பாதைகளுக்குள் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

சாஸ்திரியாரின் பாதை உங்கள் உறவினர்கள் சொல்லும் பாதை. முதுகலைப் பட்டம், திருநெல்வேலி இந்துக் கல்லூரி, காசி இந்துப் பல்கலைக்கழகம், சிதம்பரத்தில் கல்லூரி முதல்வர் பதவி என்று படிப்படியாக ஏறி, 1929இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் இந்திய வரலாறு மற்றும் தொல்லியல் பேராசிரியர் ஆனார். சோழர்களைப் பற்றிய அவருடைய ஆங்கிலப் பெருநூல் 1935, 1937 ஆகிய ஆண்டுகளில் வெளிவந்தது. இன்றும் அந்நூலைத் தொடாமல் சோழர் ஆய்வில் ஒருவர் அடியெடுத்து வைக்க முடியாது. 1957இல் அவருக்குப் பத்மபூஷண் விருதும் வந்தது.

பண்டாரத்தாருக்குக் கல்லூரிப் பட்டம் கிடையாது. கும்பகோணம் பாணாதுறை உயர்நிலைப் பள்ளியில் 1917 முதல் 1942 வரை தமிழாசிரியர். பள்ளிக்கூட மணி அடித்த பிறகும் விடுமுறை நாட்களிலும் சுற்றுவட்டாரக் கோயில்களுக்குப் போய்ச் சுவரில் இருக்கும் கல்வெட்டுகளைப் படிப்பதே அவருக்குப் பொழுதுபோக்காகவும் தவமாகவும் இருந்தது. 1942இல்தான் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் அவரை ஆராய்ச்சித் துறைக்கு அழைத்துக்கொண்டது. அப்போது அவருக்கு ஐம்பது வயது. அவருடைய பெருநூலான 'பிற்காலச் சோழர் சரித்திர'த்தின் முதல் பகுதி 1949இல் வந்தது, இரண்டாவது 1951இல். மூன்றாம் பகுதி அச்சாகி வந்தபோது அவர் உயிரோடு இல்லை.

பிறந்த ஊர் அவருக்குக் கொடுத்த கொடையையும் சொல்ல வேண்டும். ஒன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டியன் வரகுணனை எதிர்த்துப் பல்லவன் அபராசிதன் நின்று வென்ற போர் நடந்தது அந்தத் திருப்புறம்பயத்தில்தான். பல்லவன் பக்கம் நின்ற கங்க மன்னன் பிருதிவீபதி அதில் இறந்தான். சோழர்கள் சிற்றரசர் நிலையிலிருந்து தலையெடுக்க வழிவிட்டது அந்தப் போர். சோழர் கதை தொடங்கும் இடத்திலேயே தொட்டில் கட்டப்பட்டவர் அவர். ஆகவே மகள் பட்டம் வாங்கட்டும், அது வாயிலைத் திறக்கும், சம்பளமும் தரும். ஆனால் உங்கள் ஊர்க் கோயில் சுவரை இப்போதே படிக்கத் தொடங்குவதற்கு யாருடைய அனுமதிக் கடிதமும் வேண்டியதில்லை. வடமொழிச் சொற்களை எழுதப் பயன்பட்ட கிரந்த எழுத்தையும் சேர்த்துக் கற்றுக்கொள்ளச் சொல்லுங்கள். அது தெரியாமல் தமிழ்க் கல்வெட்டில் பாதியிலேயே நிற்க வேண்டி வரும்.

கேள்வி: ஒரே கல்வெட்டை வைத்து இரண்டு வரலாற்றாசிரியர்கள் எதிரெதிராக எழுதுகிறார்களே, அப்புறம் அது என்ன ஆராய்ச்சி?
— வாசகர், சிதம்பரம்

பதில்: உங்கள் மனத்தில் இருப்பது உடையார்குடிக் கல்வெட்டு என்று ஊகிக்கிறேன். காட்டுமன்னார்கோயில் அனந்தீசுவரர் கோயிலில் உள்ள அது, இராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. அவனுடைய தமையன் ஆதித்த கரிகாலனைக் கொன்றவர்கள் என்று சோமன், ரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரைப் பெயர் சொல்லி, துரோகிகள் என்றே குறித்து, அவர்களுடைய உடைமையும் உறவினர் உடைமையும் பறிமுதலானதைச் சொல்கிறது. கொலைக்கும் இந்த ஆணைக்கும் இடையே உத்தம சோழன் ஏறத்தாழப் பதினைந்து ஆண்டுகள் ஆண்டிருக்கிறான். அத்தனை ஆண்டுகள் ஏன் நடவடிக்கை இல்லை என்ற கேள்வியிலிருந்து, உத்தமனுக்கும் கொலையில் பங்கிருக்கலாம் என்ற ஐயத்துக்குச் சாஸ்திரியார் போனார். பண்டாரத்தார் அதை ஏற்கவில்லை. உத்தமனைக் குற்றவாளியாக்கச் சான்று இல்லை என்று தம் நூலில் மறுத்தெழுதினார்.

கவனித்துப் பாருங்கள், கல்வெட்டின் வாசகத்தில் இருவருக்கும் பெரிய சண்டை இல்லை. கல்லில் இல்லாத பதினைந்து ஆண்டு மௌனத்துக்கு என்ன பொருள் கொள்வது என்பதில்தான் வழக்கு. என் சாய்வு பண்டாரத்தார் பக்கம். பறிமுதல் செய்த நிலம் கைமாறுவதைப் பதிவு செய்யும் ஓர் ஆவணம், தண்டனை அந்த ஆண்டில்தான் தொடங்கியது என்பதற்குச் சாட்சி ஆகாது. சாஸ்திரியார் ஆங்கிலத்தில் எழுதியதால் அவர் எழுப்பிய ஐயம் கடல் கடந்தது. தமிழில் எழுதிய மறுப்பு தமிழ் படிப்பவர்களோடு நின்றுபோனது. இது நம் வரலாற்றுத் துறையில் பழகிப்போன அநியாயம்.

கேள்வி: புத்தகம் எழுதியே வயிறு வளர்த்த வரலாற்றாசிரியர் தமிழில் யாராவது உண்டா?
— வாசகர், சேலம்

பதில்: எனக்குத் தெரிந்து மிகமிகக் குறைவு. பெரும்பாலோருக்குச் சோறு போட்டது கரும்பலகைதான். மயிலை சீனி. வேங்கடசாமியை எடுத்துக்கொள்ளுங்கள். 1900இல் மயிலாப்பூரில் பிறந்தவர், மாநகராட்சிப் பள்ளி ஆசிரியர், திருமணம் செய்துகொள்ளாதவர். கிறித்தவம், பௌத்தம், சமணம் ஆகிய மூன்றும் தமிழுக்கு என்ன செய்தன என்று தனித்தனி நூல்கள் எழுதினார். எனக்கு மிகவும் பிடித்தது 1959இல் வந்த 'மறைந்துபோன தமிழ் நூல்கள்'. ஒரு பழைய உரையாசிரியர் போகிற போக்கில் மேற்கோள் காட்டும் பாட்டைப் பிடித்துக்கொண்டு, அது எந்த நூலைச் சேர்ந்தது, அந்த நூல் இன்று எங்கே என்று தேடிச் செல்லும் வேலை அது. எடுத்துக்காட்டாக, தகடூர் யாத்திரை என்ற பழைய நூல் முழுதாக நம் கையில் இல்லை. உரைகளிலும் புறத்திரட்டு என்ற தொகைநூலிலும் சிதறிக் கிடக்கும் பாடல்களாகத்தான் இருக்கிறது. நூலகத்து மேசையில் துண்டுத் தாள்களோடு உட்கார்ந்து பொறுக்கிச் சேர்த்தால்தான் இத்தகைய நூல் உருவாகும். எந்தப் பதிப்பகமும் அந்த உழைப்புக்குக் கூலி கொடுத்துக் கட்டுப்படியாகாது.

அவருடைய நூல்களும் பண்டாரத்தாருடைய நூல்களும் பின்னாளில் நாட்டுடைமை ஆக்கப்பட்டன. குடும்பத்துக்கு அரசு ஒரு தொகை கொடுக்க, யார் வேண்டுமானாலும் அச்சிடலாம் என்று ஆயிற்று. வாசகருக்கு நல்லது. பிழைகளோடு அவசரமாக அச்சிட்டுக் குவிப்பவர்களுக்கும் நல்லதாய்ப் போனது என்பதுதான் வருத்தம்.

கேள்வி: நம் வரலாற்றை ஜப்பானியர் ஒருவர் எழுதினார் என்று கேள்விப்பட்டேன். வேற்று நாட்டவருக்கு நம் கல்வெட்டில் என்ன புரிந்துவிடும்?
— வாசகி, ஈரோடு

பதில்: நொபொரு கராஷிமாவைச் சொல்கிறீர்கள். 1933இல் பிறந்து 2015இல் மறைந்தவர், டோக்கியோ பல்கலைக்கழகப் பேராசிரியர். 1960களின் தொடக்கத்தில் சென்னைக்கு வந்து கல்வெட்டுப் படித்தார். புரிந்ததா என்று கேட்டீர்களே, அவர் செய்த ஒரே ஒரு வேலையைச் சொல்கிறேன். திருச்சிக்கு அருகே காவிரிக்கரையில் அல்லூர், ஈசானமங்கலம் என்று இரண்டு ஊர்கள். பின்னது பிராமணர்களுக்குக் கொடுக்கப்பட்ட பிரமதேயம், முன்னது வேளாளர் ஊர். இரண்டின் சோழர் காலக் கல்வெட்டுகளையும் எடுத்து வைத்துக்கொண்டு, நிலத்தை விற்பவர் யார் என்று மட்டும் பார்த்தார். ஈசானமங்கலத்தில் தனித்தனி ஆட்கள் விற்கிறார்கள். அல்லூரில் ஊரார் சேர்ந்து விற்கிறார்கள். அப்படியானால் சோழநாட்டில் தனியுடைமையும் பொதுவுடைமையும் அடுத்தடுத்த ஊர்களிலேயே இருந்தன என்று காட்டினார். அரசன் பெயரையும் போரையும் தேடியே கல்வெட்டைப் படித்துப் பழகிய நமக்கு, விற்பவன் பெயர் கண்ணில் பட்டிருக்கவில்லை. பின்னர் எ. சுப்பராயலுவோடும் மற்றொரு ஜப்பானிய அறிஞரோடும் சேர்ந்து சோழர் கல்வெட்டுகளில் வரும் ஆட்பெயர்களுக்கெல்லாம் அகரவரிசைத் தொகுப்பு வெளியிட்டார். 2013இல் இந்திய அரசு பத்மஸ்ரீ அளித்தது.

கேள்வி: கல்வெட்டைப் புகைப்படம் எடுத்தால் போதாதா? எதற்கு இன்னும் மைப்படி?
— மாணவர், தஞ்சாவூர்

பதில்: வெயில் கோணம் சரியில்லை என்றால் புகைப்படத்தில் வெடிப்பும் எழுத்தும் ஒன்றாகத் தெரியும். மைப்படியில் முதலில் கல்லைத் தேய்த்துக் கழுவி, நனைத்த தாளை ஒட்டி, தூரிகையால் அடித்து எழுத்தின் பள்ளத்துக்குள் தாளை இறக்கி, ஓரளவு காய்ந்ததும் மைப்பொதியால் ஒற்றுவார்கள். மேடு கறுக்கும், எழுத்து வெள்ளையாக நிற்கும். அடிக்கும்போதே எந்தக் கோடு உளி பட்டது, எது கல்லின் இயற்கை வடு என்று கைக்குத் தெரிந்துவிடும். பக்கவாட்டு வெளிச்சத்தில் எடுத்த நல்ல படமும் கூடவே இருந்தால் பழுதில்லை. ஒரு முறை ஆளோடு போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள், மையோடு திரும்புவீர்கள். வெள்ளைச் சட்டை மட்டும் வேண்டாம்.