டி96 என்றால் தற்கொலை முயற்சியா?

கேள்வி: என் மகனுக்கு 31 வயது. மூன்றாண்டுகளுக்கு முன் நண்பர்களுடன் இருந்தபோது ஹெராயின் எடுத்ததில் மூச்சு நின்று, மூளை பாதிக்கப்பட்டது. அன்றிலிருந்து வலிப்பு வருகிறது. சென்ற மாதம் வலிப்புக்காக மருத்துவமனையில் நான்கு நாள் இருந்தான். அறிக்கையில் டி96 (T96), ஒய்86 (Y86) என்ற குறியீடுகள் உள்ளன. “டி96 என்றால் விஷம், அதாவது தற்கொலை முயற்சி, காப்புறுதி கிடைக்காது, 800 வெள்ளி கொடுத்தால் மாற்றித் தருகிறேன்” என்று ஒருவர் சொல்கிறார். மாற்றலாமா?
— ஈசூன் வாசகி, சிங்கப்பூர்

பதில்: அந்த மனிதருக்கு ஒரு வெள்ளிகூடக் கொடுக்காதீர்கள், அம்மா. நீங்கள் குறிப்பிட்டுள்ள இரண்டு குறியீடுகளும் உங்கள் மகனுக்கு நடந்ததைச் சரியாகவே சொல்கின்றன. தற்கொலை என்ற பேச்சே அவற்றில் இல்லை.

மருத்துவமனைகள் நோய்களுக்குக் குறியீடு இடப் பயன்படுத்தும் நோய்வகைப்பாட்டில் ‘நஞ்சேறுதல்’ என்ற சொல்லுக்கு, நாம் வீட்டில் ‘விஷம் குடித்தான்’ என்று சொல்லும் பொருள் கிடையாது. தவறான பொருளையோ தவறான அளவையோ உட்கொண்டு உடல் கெட்டால், அது எந்த நோக்கத்தில் நடந்திருந்தாலும், இந்தச் சொல்லின்கீழ்தான் வரும். பாட்டி தெரியாமல் இரத்த அழுத்த மாத்திரையை இரண்டு மடங்கு விழுங்கி, அதனால் நிலையான பாதிப்பு ஏற்பட்டிருந்தாலும் அவருக்கும் இதே டி96தான். அந்தக் குறியீட்டில் ஹெராயின் என்ற பெயரோ வேறெந்தப் போதைப்பொருளின் பெயரோ இல்லை. ‘முன்பு மருந்துப்பொருளால் நஞ்சேறியதன் பின்விளைவு’ என்பது மட்டுமே அதன் பொருள். நோக்கத்தைச் சொல்வது அதனுடன் வரும் ஒய் வரிசைக் குறியீடு. ஒய்86 என்பது விபத்தின் பின்விளைவைக் குறிக்கிறது. தற்கொலை முயற்சியின் பின்விளைவாக இருந்திருந்தால் அங்கே ஒய்87.0 இருந்திருக்கும்.

அறிக்கையில் இந்த இரண்டுக்கும் முன்னால் வலிப்புக்கான ஜி40 வரிசையும், மூச்சு நின்றதால் ஏற்பட்ட மூளைச் சேதத்துக்கான ஜி93.1 என்பதும் இருக்க வேண்டும். இன்றுள்ள பாதிப்பு முதலில், அதன் பழைய காரணம் பின்னால் என்பதே முறை.

நீங்கள் பார்க்க வேண்டியது வேறு இரண்டு தவறுகளை. ஒன்று, டி40.1. அது ஹெராயினால் அந்த நேரத்திலேயே உடலில் நஞ்சேறிய நிலைக்கான குறியீடு. மூன்றாண்டுகளுக்கு முந்தைய அறிக்கையில் அது இருப்பது நியாயம். சென்ற மாத அறிக்கையிலும் அது இருந்தால், உங்கள் மகன் மீண்டும் ஹெராயின் எடுத்ததாகப் படிப்பவர் நினைப்பார். பழைய அறிக்கையைப் பார்த்து அப்படியே நகலெடுக்கும் அவசரத்தில் இது நடக்கிறது. நான் பல முறை திருத்தியிருக்கிறேன். மற்றொன்று எஃப்11.2, அதாவது அடிமைப்பழக்கம். ஒருவர் அடிமையாகிவிட்டார் என்று மருத்துவர் தெளிவாக எழுதினால் மட்டுமே அது வரலாம். இந்த நாட்டில், போதைப்பொருளுக்கு அடிமையானவர் என்று தாம் கருதும் ஒருவரைப் பற்றி மருத்துவர் 7 நாள்களுக்குள் அதிகாரிகளுக்குத் தெரிவிக்கக் கடமைப்பட்டவர் என்பதால், அந்தச் சொல்லை யாரும் ஊகத்தில் எழுதக் கூடாது.

இங்கே ஒரு விதிவிலக்கைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனெனில் பெரும்பாலான குழப்பம் இதில்தான் பிறக்கிறது. உங்கள் மகனின் பாதிப்பு, ஒரே நாளில் மூச்சு நின்று மூளைக்கு உயிர்வாயு கிடைக்காமல் போனதால் வந்தது. அதனால் டி96 பொருந்துகிறது. அதற்கு மாறாக, ஒருவர் பல ஆண்டுகள் ‘ஐஸ்’ எனப்படும் மெத்தாம்பெட்டமின் போதைப்பொருளைப் புழங்கி, நிறுத்திய பிறகும் காதில் குரல் கேட்பதாகவும் யாரோ பின்தொடர்வதாகவும் சொல்லிக்கொண்டிருந்தால், அது நஞ்சேறியதன் பின்விளைவாகக் கணக்கிடப்படுவதில்லை. அது மனநலப் பிரிவில் எஃப்15.7 என்ற குறியீட்டின்கீழ் வரும். இரண்டு வகையும் ஒரே ஆளிடம் இருந்தால் இரண்டையும் எழுத வேண்டும். எந்தப் பாதிப்பு எதனால் வந்தது என்பதை மருத்துவர்தான் முடிவுசெய்ய வேண்டும். குறியீட்டாளர் எழுதப்பட்டதை மட்டுமே குறியீடாக்குவார், எழுதப்படாததை ஊகித்துச் சேர்க்க அவருக்கு அனுமதி இல்லை.

இணையத்தில் தேடினால் டி40.1 என்று தொடங்கி ‘எஸ்’ என்ற எழுத்தில் முடியும் நீண்ட குறியீடுகள் வரும். அவை இதே நோய்வகைப்பாட்டின் அமெரிக்கப் பதிப்பைச் சேர்ந்தவை. சிங்கப்பூர் மருத்துவமனைகள் 2012 முதல் ஆஸ்திரேலியத் திருத்தப் பதிப்பைப் பின்பற்றுகின்றன. அமெரிக்கப் பக்கத்தைக் காட்டி ‘உங்கள் மருத்துவமனை தவறு செய்துவிட்டது’ என்று பயமுறுத்துவது இந்த இடைத்தரகர்களின் வழக்கமான உத்தி. குறியீட்டை மாற்றும் அதிகாரம் வெளியாள் எவருக்கும் கிடையாது. அவர் செய்யக்கூடியதெல்லாம் உங்கள் பெயரில் ஒரு கடிதம் எழுதுவதுதான். அதை நீங்களே இலவசமாக எழுதலாம்.

காப்புறுதி விஷயத்திலும் அவர் பழைய கதையைச் சொல்கிறார். போதைப்பொருள் பழக்கம், தற்கொலை முயற்சி ஆகியவற்றால் ஏற்படும் சிகிச்சைக்கு, அரசின் அடிப்படை மருத்துவக் காப்புறுதியான மெடிஷீல்டு லைஃப் முன்பு பணம் தராதது உண்மை. 2021 மார்ச் 1 முதல் அந்த விலக்குகள் நீக்கப்பட்டுவிட்டன. தனியார் நிறுவனத்திடம் கூடுதல் திட்டம் வாங்கியிருந்தால், அந்தக் கூடுதல் பகுதிக்கு மட்டும் ஒப்பந்தத்தில் உள்ள விலக்குகளைப் படித்துப் பாருங்கள். இத்தனை ஆண்டுகள் கழித்தும் இந்த ஒரு செய்தி குடும்பங்களைச் சென்றடையவில்லை. அறிக்கையைக் கையில் கொடுத்து அனுப்பும்போது இரண்டு நிமிடம் விளக்கினால் தரகர்களுக்கு வேலையே இருக்காது. ஆனால் அந்த இரண்டு நிமிடத்தைத் தம் பொறுப்பாக எந்தப் பிரிவும் எடுத்துக்கொள்வதில்லை, அதன் விலையை உங்களைப் போன்றவர்கள் 800 வெள்ளியாகக் கட்டும்படி கேட்கப்படுகிறார்கள்.

குளிப்பது, உடுத்துவது, உண்பது, கழிப்பறை செல்வது, நடமாடுவது, படுக்கையிலிருந்து நாற்காலிக்கு மாறுவது ஆகிய ஆறில் மூன்றை உங்கள் மகனால் பிறர் உதவியின்றிச் செய்ய முடியாவிட்டால், நீண்டகாலப் பராமரிப்புக்கான அரசுக் காப்புறுதியான கேர்ஷீல்டு லைஃப் மாதாந்தரத் தொகைக்கும் விண்ணப்பியுங்கள். 1980 அல்லது அதற்குப் பிறகு பிறந்த சிங்கப்பூரர்களும் நிரந்தரவாசிகளும் 30 வயதில் தாமாகவே அதில் சேர்க்கப்படுகிறார்கள், முன்பே இருந்த பாதிப்பு அதற்குத் தடையில்லை. அங்கே மதிப்பீட்டாளர் பார்ப்பது இந்த ஆறு செயல்களைத்தான், டி96ஐ அல்ல.

டி40.1 அல்லது எஃப்11.2 சென்ற மாத அறிக்கையில் இருந்தால், மருத்துவமனையின் மருத்துவ ஆவணப் பிரிவுக்கு, சிகிச்சையளித்த மருத்துவரின் பெயரைக் குறிப்பிட்டு, “இந்த அனுமதிப்பின்போது புதிதாக நஞ்சேறியதா, அல்லது முந்தைய நிகழ்வின் பின்விளைவா என்று மருத்துவர் எழுத்தில் தெளிவுபடுத்த வேண்டுகிறேன்” என்று எழுதுங்கள். மாற்றித் தாருங்கள் என்று கேட்க வேண்டாம்; தெளிவுபடுத்தக் கேட்டாலே, மருத்துவர் எழுதும் பதிலைக் கொண்டு குறியீட்டாளர் திருத்தம் செய்ய முடியும்.